பி.சி. மேகசின், பி.சி. வேர்ல்ட்: இரண்டையும் தொடங்கியவர் ஒருவரே என்பது உண்மையா?

கேள்வி: மெய்ப்புமேசை

வணக்கம். ஒரு நாளிதழில் உதவி ஆசிரியராக இருக்கிறேன். அடுத்த மாதம் முதல் வாரந்தோறும் வரவிருக்கும் தொழில்நுட்பப் பக்கத்தை என் தலையில் கட்டிவிட்டார்கள். நான் படித்தது வரலாறு. கணினியைத் திறந்து வைத்தால் எது என்னவென்று சொல்லத் தெரியாது.

முன்னோர் எப்படிச் செய்தார்கள் என்று பழைய கணினி இதழ்களைப் பற்றித் தேடியபோது டேவிட் பன்னெல் என்ற பெயர் மூன்று இடங்களில் தட்டுப்பட்டது: பி.சி. மேகசின், பி.சி. வேர்ல்ட், மேக்வேர்ல்ட். முதல் இரண்டும் நேரெதிர்ப் போட்டியாளர்கள். இரண்டையும் ஒரே ஆள் தொடங்கியது எப்படி? அவர் பொறியாளரா, பத்திரிகைக்காரரா?

இன்னொன்றும் கேட்க வேண்டும். விளம்பரப் பிரிவிலிருந்து ஒருவர் இப்போதே வந்து நிற்கிறார். ஒரு நிறுவனத்தின் புதிய செல்பேசி வெளியாகும் நாளன்றே நம் பக்கத்தில் அதன் மதிப்புரை வந்தால் 'எல்லோருக்கும் நல்லது' என்கிறார். அந்தக் காலத்து ஆசிரியர்களுக்கு இந்தத் தொல்லை இருந்ததா?

பதில்: பழையதாள்

தம்பி, வரலாறு படித்ததற்காகக் கூச்சப்படாதீர்கள். பன்னெல் படித்ததும் வரலாறுதான். நெப்ராஸ்கா மாநிலத்தில் அலையன்ஸ் என்ற சிற்றூர்க்காரர். அப்பா அந்த ஊர்ச் செய்தித்தாளின் ஆசிரியர். படிப்பை முடித்துவிட்டு சிகாகோவில் பள்ளி ஆசிரியராக இருந்தார். பிறகு தெற்கு டகோட்டாவில் பூர்வகுடி மக்கள் வாழும் பைன் ரிட்ஜில். 1973இல் நியூ மெக்சிகோவின் ஆல்புகர்க்கி நகரில் மிட்ஸ் என்ற சிறிய நிறுவனத்தில் கையேடு எழுதும் வேலைக்குச் சேர்ந்தார். அங்கே விற்றது கால்குலேட்டர். பெரிய நிறுவனங்கள் விலையைத் தரைமட்டமாக்கியதும் மிட்ஸ் கடனில் முங்கியது. முதலாளி எட் ராபர்ட்ஸ் கடைசிச் சூதாட்டமாக ஒரு கணினியை இறக்கினார். அதுதான் ஆல்டேர் 8800. பாகங்களாக வாங்கி நாமே பற்றவைத்துக்கொண்டால் 397 டாலர்.

1975 ஜனவரி 'பாப்புலர் எலெக்ட்ரானிக்ஸ்' இதழின் அட்டையில் அந்தக் கணினி வந்தது. படம் எடுப்பதற்காக நியூயார்க்குக்கு அனுப்பிய உண்மையான கருவி வழியிலேயே காணாமல் போய்விட்டது. எனவே அட்டையில் இருப்பது முன்பக்க விளக்குகளும் சுவிட்சுகளும் பொருத்திய வெற்றுப் பெட்டி. கணினி இதழியலின் மிகப் புகழ்பெற்ற அட்டைப்படம், உள்ளே ஒன்றுமே இல்லாத ஒரு டப்பாவின் படம்! உங்கள் விளம்பரப் பிரிவு நண்பருக்கு இந்தக் கதை பிடிக்கும்.

டப்பா எப்படியோ, ஆர்டர்கள் குவிந்துவிட்டன. வாங்கியவர்களுக்காக மிட்ஸ் 'கம்ப்யூட்டர் நோட்ஸ்' என்ற செய்தி மடலைத் தொடங்கியது. ஆசிரியர் பன்னெல். 1976 பிப்ரவரியில் பில் கேட்ஸின் புகழ்பெற்ற திறந்த மடல் அதில்தான் வந்தது. இருபது வயதுப் பையன், சந்தாதாரர்களின் முகத்துக்கு நேரே, உங்களில் பெரும்பாலோர் மென்பொருளைத் திருடுகிறீர்கள் என்று எழுதினான். ஆல்டேருக்கான பேசிக் என்ற நிரல் மொழியை உருவாக்கச் செலவான கணினி நேரத்தின் மதிப்பே 40,000 டாலருக்கு மேல். ஆல்டேர் வைத்திருப்பவர்களில் 10 சதவீதத்துக்கும் குறைவானவர்களே அதை வாங்கினார்கள். கணக்குப் பார்த்தால் எங்கள் உழைப்புக்கு மணிக்கு இரண்டு டாலர்கூடத் தேறவில்லை என்பது அவன் வாதம்.

அதை வெளியிட்டது துணிச்சல்தான். ஆனால் கதைக்கு மறுபக்கம் உண்டு. கணினிக்குள் செருகும் மிட்ஸின் நினைவக அட்டையோடு சேர்த்து வாங்கினால் பேசிக் மலிவு. தனியாக வாங்கினால் விலை எங்கேயோ. அந்த நினைவக அட்டையோ ஒழுங்காக வேலை செய்யாது என்று பெயரெடுத்தது. நல்ல அட்டையை வேறு நிறுவனத்திடம் வாங்கியவன் பேசிக்கை நகலெடுத்துக்கொண்டதில் என்ன அதிசயம்? அடுத்த மாதமே ஆல்புகர்க்கியில் ஆல்டேர் மாநாடு நடந்தது. ஏற்பாடு பன்னெல். நினைவக அட்டையில் போட்டியாளரான புராசஸர் டெக்னாலஜிக்கு அரங்கு கிடைக்கவில்லை. அவர்கள் அதே ஓட்டலில் அறை எடுத்துக் கடை விரித்தார்கள். நிறுவனத்தின் சம்பளத்தில் இதழ் நடத்தினால் இப்படித்தான் ஆகும். கேட்ஸின் மடலைப் போட்டதைவிட, இந்த அறைக்குள் போய்ப் பார்த்துவிட்டு வந்து எழுதியிருந்தால் அவரை நான் இன்னும் அதிகமாக மதித்திருப்பேன்.

மிட்ஸை விட்டு வெளியேறி 'பர்சனல் கம்ப்யூட்டிங்' இதழைத் தொடங்கினார். 1981 ஆகஸ்டில் ஐ.பி.எம். தன் பி.சி.யை அறிவித்ததும், அந்த ஒரே கருவிக்காகத் தனி இதழ் என்ற எண்ணம் உதித்தது. அதுதான் பி.சி. மேகசின். சான் பிரான்சிஸ்கோவில் வீட்டு அறையிலேயே வேலை ஆரம்பம். பணம் போட்டவர் மென்பொருள் விற்பனையாளர் டோனி கோல்ட். 1982 பிப்ரவரி–மார்ச் தேதியிட்ட முதல் இதழில் பில் கேட்ஸின் பேட்டி. ஆல்புகர்க்கியில் பழகிய பையன் அல்லவா!

இதழ் மளமளவென்று வளர்ந்தது. அந்த ஆண்டு முடிவதற்குள் அதை வாங்க இரண்டு பெரிய பதிப்பு நிறுவனங்கள் வந்தன. பன்னெலும் அவருடைய குழுவும் ஐ.டி.ஜி. நிறுவனத்தின் பாட்ரிக் மெக்கவர்ன் பக்கம் சாய்ந்திருந்தார்கள். கோல்ட் அதை ஸிஃப்-டேவிஸ் நிறுவனத்துக்கு விற்றுவிட்டார். இதழில் ஊழியர்களுக்கும் பங்கு உண்டா இல்லையா என்ற தகராறு அப்போதே புகைந்துகொண்டிருந்தது. விற்பனைச் செய்தி வந்ததும் 52 பேரில் 48 பேர் வேலையை உதறினார்கள். வெளியே வந்தவர்கள் மெக்கவர்னின் பணத்தில் தொடங்கியதுதான் பி.சி. வேர்ல்ட். 1983 மார்ச் தேதியிட்டு முதல் இதழ் வந்துவிட்டது. வழக்கும் கூடவே வந்தது. ஒரே அறையில் மெய்ப்புத் திருத்தியவர்கள்தான் அந்தப் போட்டியின் ஒரு பக்கம் முழுவதும். உங்கள் முதல் கேள்விக்கு இதுதான் பதில்.

பதில்: இணைப்புத்தாள்

எல்லாவற்றையும் பன்னெல் கணக்கில் எழுதிவிடாதீர்கள் ஐயா. பி.சி. வேர்ல்டுக்கும் மேக்வேர்ல்டுக்கும் முதல் ஆசிரியராக இருந்து பக்கங்களைச் செதுக்கியவர் ஆண்ட்ரூ ஃப்ளூகல்மன். வழக்கறிஞராக இருந்து பதிப்புத் துறைக்கு வந்தவர். ஐ.பி.எம். பி.சி. வெளியானதும் வாங்கி, தொலைபேசி வழியாகக் கணினிகள் பேசிக்கொள்ள உதவும் பி.சி.-டாக் என்ற நிரலைத் தானே எழுதினார். வெற்று வட்டும் தபால்தலை ஒட்டிய உறையும் அனுப்பினால் இலவசமாக நகலெடுத்துத் தருவார்; பிடித்திருந்தால் 25 டாலர் அனுப்புங்கள், நண்பர்களுக்கும் நகலெடுத்துக் கொடுங்கள் என்பார். பணம் வந்தது! கேட்ஸின் மடல் வெளியாகி ஆறே ஆண்டுகள். நகலெடுத்தால் திருட்டு என்று அச்சிட்ட ஆசிரியரும், தாராளமாக நகலெடுங்கள் என்ற ஆசிரியரும் ஒரே அலுவலகத்தில் உட்கார்ந்திருந்தார்கள். எனக்கு அந்த அலுவலகத்தின் உணவு இடைவேளைப் பேச்சைக் கேட்க ஆசை.

1985 ஜூலையில் ஃப்ளூகல்மன் காணாமல் போனார். அவருடைய கார் கோல்டன் கேட் பாலத்தருகே கிடைத்தது. வயது 41.

மெய்ப்புமேசை

இருவருக்கும் நன்றி. ஃப்ளூகல்மனைப் பற்றி நான் கேள்விப்பட்டதே இல்லை. பழையதாள் ஐயா, விளம்பரக் கேள்விக்கு நீங்கள் இன்னும் பிடிகொடுக்கவில்லை. 'எல்லோரும் அப்படித்தான்' என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். அதை எங்கள் அலுவலகத்திலேயே சொல்லிவிட்டார்கள்.

பதில்: பழையதாள்

சொல்கிறேன். நெருக்கம் என்று பார்த்தால் மேக்வேர்ல்டை மிஞ்ச முடியாது. 1984 ஜனவரி 24 அன்று ஆப்பிளின் ஸ்டீவ் ஜாப்ஸ் மேக்கின்டாஷ் கணினியை மேடையேற்றினார். மேக்வேர்ல்டின் முதல் இதழும் அதோடு சேர்ந்தே வந்தது. அட்டையில் மூன்று மேக்கின்டாஷ்கள், பின்னால் ஜாப்ஸ். உலகம் பார்ப்பதற்கு முன்பே கருவி ஆசிரியர் குழுவின் மேசையில் இருந்திருந்தால்தான் இது நடக்கும். உங்கள் விளம்பரப் பிரிவு கேட்பது இதைத்தான், சிறிய அளவில்.

ஒன்றை நியாயமாகச் சொல்ல வேண்டும். அன்றைய வாசகனுக்கு விளம்பரமே செய்திதான். 1983 இறுதியில் பி.சி. மேகசின் எழுநூறு பக்கங்களைத் தாண்டிப் பருத்தது. இணையம் இல்லாத நாளில், எவன் எந்தக் கணினி அட்டையை என்ன விலைக்கு விற்கிறான் என்பது அந்தப் பக்கங்களில்தான் தெரியும். சென்னை லில்லி பாண்ட் கடைகளில் எடைக்கு வாங்கிய 80களின் அமெரிக்கக் கணினி இதழ் ஒன்று என்னிடம் இருக்கிறது. நடுவில் கெட்டியான தபால் அட்டை. அதில் வரிசையாக எண்கள். ஒவ்வொரு விளம்பரத்தின் கீழும் ஓர் எண். வேண்டிய எண்ணை வட்டமிட்டுத் தபாலில் போட்டால் விவரக் கையேடு வீடு தேடி வரும். என் பிரதியில் யாரோ பென்சிலால் ஏழெட்டு எண்களை வட்டமிட்டிருக்கிறார், எல்லாமே பிரிண்டர். அட்டையைக் கிழித்து அனுப்பவில்லை.

பிரிண்டர் என்றதும் நினைவுக்கு வருகிறது. உங்கள் கேள்விக்குச் சரியான விடை சொன்னவர் பன்னெல் அல்லர்; அவர் விட்டுப்போன பி.சி. மேகசின் நாற்காலியில் ஸிஃப்-டேவிஸ் காலத்தில் அமர்ந்த பில் மக்ரோன். 1984இல் சந்தையில் இருந்த பிரிண்டர்களை எல்லாம் வரிசையாக அடுக்கி, ஒரே சோதனையை எல்லாவற்றுக்கும் நடத்தி, ஓர் இதழையே அதற்கு ஒதுக்கினார். அது ஆண்டுதோறும் வந்தது. பி.சி. லேப்ஸ் என்ற சோதனைக்கூடம் அந்த இதழின் முதுகெலும்பானது. கோபித்துக்கொள்ளும் விளம்பரதாரரிடம் நீட்ட ஆசிரியர் கையில் ஓர் அளவு இருந்தது. தொடங்கி வைக்கும் திறமையில் பன்னெலுக்கு இணை கிடையாது. நடத்திக் காட்டுவதில் என் ஓட்டு மக்ரோனுக்கு. பன்னெல் அதன் பிறகும் ஓயவில்லை, 'நியூ மீடியா', 'அப்சைட்' என்று போய்க்கொண்டே இருந்தார். 2016இல் காலமானார்.

உங்கள் பக்கத்துக்கு வருவோம். வெளியீட்டு நாளன்று நான்கு வரிச் செய்தி போடுங்கள்: பெயர், விலை, எந்தத் தேதியில் கடைக்கு வருகிறது. விளம்பரப் பிரிவுக்கு அது போதும். மதிப்புரை இரண்டு வாரம் கழித்து. அதற்குள் பேட்டரி எத்தனை மணி நேரம் நிற்கிறது என்று நீங்களே பாருங்கள். அதே சோதனையை அடுத்து வரும் ஒவ்வொரு செல்பேசிக்கும் செய்து, ஒரு குறிப்பேட்டில் எழுதிவையுங்கள். கருவியைத் திருப்பிக் கொடுத்த தேதியையும் மதிப்புரையின் அடியில் அச்சிடுங்கள். அந்த ஒரு வரிக்கு உங்கள் அலுவலகத்தில் எதிர்ப்பு வந்தால், யார் எதிர்க்கிறார்கள் என்று இங்கே வந்து சொல்லுங்கள்.