மட்டக்களப்புச் ‘செட்டிபாளையம் வளவு’ குடும்பக் குழுவில் ஒரு பெயர்ச் சண்டை

ரொறன்ரோ தங்கச்சி (காலை 6:42): எல்லாருக்கும் வணக்கம். பிள்ளைக்கு இன்றைக்குப் பதினொரு நாள். பிறப்புப் பதிவுப் படிவம் இன்னும் மேசையில் கிடக்கிறது. முதற்பெயருக்கு ஒரு கட்டம், குடும்பப் பெயருக்கு ஒரு கட்டம். இரண்டாவது கட்டத்தில்தான் எங்கள் இருவருக்கும் சண்டை.

பெரியம்மா: பால் காணுமா புள்ள? சரக்கு அரைத்துக் கறி வைத்துத் தர ஆள் இருக்கா? பேர் மறுகா பார்க்கலாம்.

ரொறன்ரோ தங்கச்சி: பால் காணும் பெரியம்மா. பெயருக்குத்தான் பஞ்சம்.

நான்: என்ன சண்டை?

ரொறன்ரோ தங்கச்சி: என் கடவுச்சீட்டில் குடும்பப் பெயர் கந்தப்போடி, அது அப்பாவின் பெயர். இவருடையதில் சின்னத்தம்பி, அது அவருடைய அப்பாவின் பெயர். ஊர் வழக்கப்படி பிள்ளைக்குத் தகப்பன் பெயரைப் போட்டால் ஒரே வீட்டில் மூன்று குடும்பப் பெயர். பள்ளிக்கூடத்தில் போய் இது என் பிள்ளைதான் என்று நான் காகிதம் காட்ட வேண்டி வரும்.

யாழ்ப்பாண மச்சான்: அதனால்தான் நான் ‘சின்னத்தம்பி’ என்றே போடுவோம் என்கிறேன். தகப்பனும் மகளும் ஒரே பெயர், பிரச்சினை முடிந்தது.

கல்முனை அக்கா: பெண்பிள்ளைக்குச் சின்னத்தம்பியா 😂

பெரிய மாமா: 🎤 குரல் பதிவு (4:12)

கல்முனை அக்கா: மாமா, நான் பஸ்ஸில் நின்றுகொண்டு வருகிறேன். எழுதி அனுப்புங்கள்.

பெரிய மாமா: எனக்கு விரல் பெரிசு. எழுத்துச் சின்னன்.

நான்: சரி, நான் கேட்டு எழுதுகிறேன். மாமா சொல்வது இதுதான். நம்மட ஆட்களிடம் குடும்பப் பெயர் என்ற சாமான் இருந்ததே இல்லை. தகப்பன் பெயர் முன்னால் ஓர் எழுத்தாக நிற்கும். அடுத்த தலைமுறையில் அது உதிர்ந்து, வேறோர் எழுத்து வந்து ஏறும். மூத்ததம்பி, இளையதம்பி, சின்னத்தம்பி எல்லாம் வீட்டில் எத்தனையாவது பொடியன் என்று கூப்பிட்ட கூப்பாடு, பிறகு அதுவே பெயராக நின்றுவிட்டது. கந்தப்போடியில் கந்தன்தான் ஆள், போடி என்பது வயலால் வந்த பட்டம். நிறைய வயல் வைத்திருந்தவர் போடியார். அவருக்குக் கீழே முல்லைக்காரன் நின்று வேலையாட்களைப் பார்ப்பான். “ஆனால் எங்கட கந்தப்போடி மச்சானுக்கு ஒரு துண்டு வயல் இல்லை. பேரில மட்டும்தான் போடி.” (இது மாமாவின் வாய்ச்சொல், நான் கூட்டவில்லை.)

ரொறன்ரோ தங்கச்சி: மாமா, அப்பாவும் இந்தக் குழுவில் இருக்கிறார்.

சித்தப்பா: பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

பெரிய மாமா: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

சித்தப்பா: அதையும் பார்த்தேன்.

யாழ்ப்பாண மச்சான்: மாமா சொன்னது சரி. எங்கள் அப்பா மூன்றாவது பொடியன்தான்.

அண்ணி: எங்கள் அப்பப்பாவின் பெயர் சின்னப்பு. அவரும் வீட்டில் சின்னவராக இருந்திருப்பார் என்றுதான் கனகாலம் நினைத்திருந்தேன். பிறகுதான் கோயிலில் வயதான சுவாமி ஒருவர் விளங்கப்படுத்தினார். பவுலுஸ் என்றால் லத்தீனில் சிறியவன். அதைத்தான் பழைய கத்தோலிக்கர் சின்னப்பர் என்று தமிழாக்கியிருக்கிறார்கள். யோவான் அருளப்பர் ஆனதும் அப்படித்தான், எபிரேயத்தில் அந்தப் பெயருக்குள் கடவுளின் அருள் இருக்கிறது. அம்மா பக்கத்தில் ஒரு சவரிமுத்து இருந்தார். சவரி என்றால் சவேரியார். அவர் ஸ்பெயினில் நவார்ரா பக்கம், சேவியர் என்பது அவர் பிறந்த ஊரின் பெயர். பாஸ்க் மொழியில் அதற்குப் பொருள் ‘புது வீடு’.

கல்முனை அக்கா: அப்ப சேவியர் நம்மட புதுக்குடியிருப்பு ஆள் 😄

அண்ணி: சிரிக்காதீர்கள். ஊரில் முதலில் இருந்தே குடும்பப் பெயர் வைத்திருந்தவர்கள் பறங்கியர்தான், போர்த்துக்கேயர், ஒல்லாந்தர் வழி வந்தவர்கள். மட்டக்களப்புக் கோட்டையைப் போர்த்துக்கேயர் 1628இல் கட்டினார்கள், 1638இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள். கோட்டை போர்த்துக்கேயர் கையில் இருந்தது பத்து வருடம், பெயர்கள் இன்றைக்கும் இருக்கின்றன. சில்வா என்றால் காடு, பெரெய்ரா என்றால் பேரிக்காய் மரம்.

கல்முனை அக்கா: எங்கள் கந்தோரில் ஒரு பெரேரா ஐயா இருக்கிறார். நாளைக்குப் பேரிக்காய் வாங்கிக்கொண்டு போகிறேன்.

யாழ்ப்பாண மச்சான்: எல்லாம் சரி. கட்டத்தில் என்ன எழுதுவது? மாமா, தீர்ப்பு?

பெரிய மாமா: குடி

யாழ்ப்பாண மச்சான்: ஐயோ மாமா, அதெல்லாம் விட்டு இரண்டு வருடம்.

ரொறன்ரோ தங்கச்சி: பொய்.

நான்: மச்சான், மாமா சொல்வது அந்தக் குடி இல்லை 😂 இது தாய்வழிக் குடி. உலகிப்போடி குடி, காலிங்கா குடி என்று ஊருக்கு ஊர் இருக்கிறது. தாயின் குடிதான் பிள்ளைக்கு. ஒரே குடிக்குள் கல்யாணம் பேச மாட்டார்கள், எவ்வளவு தூரத்து ஆளானாலும் அண்ணன் தங்கச்சி முறை. நம்மட கோயிலில் ஒவ்வொரு பூசை ஒவ்வொரு குடிக்கு. நம்மட குடியின் பூசை அன்று அம்மா, பெரியம்மா, மாமா எல்லாரும் பட்டு உடுத்து முன்னுக்கு நிற்பார்கள். கோயிலை நிர்வகிக்கும் வண்ணக்கர் குடியின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டதும் மாமாவுக்கு நெஞ்சு இரண்டு அங்குலம் கூடும். அப்பா விருந்தாளி மாதிரி பின்னுக்குத் தூணோடு சாய்ந்து நிற்பார். அவருடைய குடிக்கு வேறு நாள், அன்று நாங்கள் பின்னுக்கு. ஒரே வீட்டில் இருந்து ஒரே சைக்கிளில் வந்த ஆட்கள்!

பெரிய மாமா: தகப்பன் பேர் ஒரு தலைமுறைக்கு. குடி அறாது. என்ட பிள்ளைகள் என்ட குடி இல்லை, அவர்கள் மாமிட குடி. நம்மட குடியைக் கொண்டுபோற ஆள் இப்ப ரொறன்ரோவில தொட்டிலில கிடக்கு.

நான்: மாமா, விரல் பெரிசு என்றீர்கள்?

பெரிய மாமா: கோபம் வந்தால் சரியாகுது.

யாழ்ப்பாண மச்சான்: எங்கள் பக்கம் இந்த முறை இல்லை மாமா, இன்றைக்குத்தான் விளங்குகிறது. ஆனால் தாய்வழிக் குடிக்கு ஒரு போடியின் பெயரா?

சித்தப்பா: நல்ல கேள்வி. மச்சான் பதில் சொல்லட்டும்.

கல்முனை அக்கா: சாய்ந்தமருது ரீச்சர் பக்கத்தில்தான் இருக்கிறா, கேட்டேன். அவர்களுக்கும் குடி உண்டாம், உம்மா வழிதான். பள்ளிவாசல் நிர்வாகத்தில் குடிக்கு ஒரு மரைக்காயர். பெயருக்கு முன்னால் மட்டும் வாப்பா.

ரொறன்ரோ தங்கச்சி: ‘உலகிப்போடிகுடி’ என்று ஆங்கிலத்தில் எழுதக் கட்டம் காணாது மாமா. சின்னத்தம்பி என்றே போடுகிறேன், அவருக்கும் சந்தோஷம். முதற்பெயர் சொல்லுங்கள். இங்கே ஒரு சாத்திரியார் ‘ஷ’வில் தொடங்கச் சொல்கிறார்.

பெரியம்மா: அம்மம்மாட பேரை வை. கண்ணகை.

யாழ்ப்பாண மச்சான்: அம்மாவிடம் கேட்டேன் பெரியம்மா. கண்ணகி என்று வைத்தால் புருசனை இழந்து ஊரை எரித்த பெயர், பெண்பிள்ளைக்கு வேண்டாம் என்கிறா.

பெரியம்மா: அது மதுரையில. இஞ்ச வைகாசியில கண்ணகை அம்மன் கோயில் கதவு திறந்தால் மழைக்கும் அம்மை நோய்க்கும் அவவைத்தான் கூப்பிடுறோம். குளிர்த்தி பாடி, குளிர வைத்துத்தான் கதவைச் சாத்துறோம். மறுகா எங்க கோபம்? அம்மம்மா பிறந்ததும் சடங்கு நடந்த கிழமையில்தான். கண்ணில நகை உள்ளவள் என்று அப்பு சொல்லுவார். அவட சிரிப்பைப் பார்த்திருந்தால் உன்ட மாமி இப்படிக் கதைக்க மாட்டா.

ரொறன்ரோ தங்கச்சி: எனக்கு அம்மம்மாவின் சிரிப்பு ஞாபகம் இருக்கிறது. பாக்கு வெட்டிக்கொண்டு சிரிப்பா. முன்பல் ஒன்று இல்லை.

பெரிய மாமா: காரைதீவில 1892இல பிறந்த மயில்வாகனத்தின் தாய் பேர் கண்ணம்மா. மகன் பிரம்மச்சாரியாகிப் பிரபோத சைதன்யர். 1924இல துறவு கொண்டு விபுலானந்தர். ஒரு ஆளுக்கு மூன்று பேர்.

நான்: அம்மம்மாவுக்கும் மூன்று பெயர் மாமா, துறவு கொள்ளாமலே. பிறப்புப் பதிவில் கண்ணகை, அடையாள அட்டையில் கண்ணம்மா, வளவு உறுதியில் (காணிப் பத்திரத்தில்) கண்ணாச்சி. மூன்றும் ஒரே ஆள்தான் என்று சத்தியக் கடதாசி முடிக்க நான்தான் அலைந்தேன். கந்தோரில் இருந்தவர் மூன்று காகிதத்தையும் மேசையில் வரிசையாக வைத்துவிட்டு, “மூன்று கிழவியையும் கூட்டி வாங்க” என்றார்.

கல்முனை அக்கா: 😂😂

ரொறன்ரோ தங்கச்சி: (ஒரு மணி நேரத்துக்குப் பிறகு) இரண்டு பேரும் கதைத்தோம். கண்ணகை சின்னத்தம்பி. கூப்பிட நகை. மாமியும் ‘நகை’ என்றதும் ஓம் என்றுவிட்டா, அவ நினைத்தது வேறு நகை.

பெரியம்மா: ❤️❤️❤️ முப்பத்தோராம் நாள் கழிய வீடியோவில காட்டு.

ரொறன்ரோ தங்கச்சி: ஓம். ஒரு கேள்வி. ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது? நடுவில் ஒரு ‘என்’னா இரண்டா, அதற்குப் பிறகு ‘கே’யா ‘ஜீ’யா?

பெரிய மாமா: இதுக்கெல்லாம் யோசிக்கிறதா மனே. அம்மம்மாட உறுதியில ஆங்கிலத்திலயும் இருக்கு. அதைப் பார்த்து அப்படியே எழுது.

நான்: உறுதியில் இருப்பது கண்ணாச்சி, மாமா.