மறு: ‘இன்டர்டிசிப்ளினரி ஆர்ட்டிஸ்ட்’ – ஊடுகலைஞர் எனலாமா?

> பல்துறைக் கலைஞர் என்றே போட்டுவிடலாமே, எல்லாருக்கும் புரியும்.

வணக்கம் ஐயா.

புரியும், ஆனால் வேறொன்றாகப் புரியும். நம் ஊரில் பல்துறைக் கலைஞர் என்றால் பாடுவார், நாடகத்தில் நடிப்பார், கல்யாண விருந்தில் அறிவிப்பும் செய்வார். ஒவ்வொன்றும் தனித்தனி வேலை. நாம் சுவர்க்குறிப்பு (கண்காட்சிச் சுவரில் ஒட்டும் அறிமுகம்) எழுதப்போகும் கலைஞர் அப்படியில்லை. பினாங்கு ஜார்ஜ்டவுனில் ஒரு கடைவீட்டின் கீழ்த்தளத்தில் அரிசிமாவைப் பரப்பி அதன்மேல் ஆடுகிறார். பரதநாட்டியத்தின் தட்டடவு மிதித்த இடத்தில் முழுப்பாதம் பதிகிறது. நாட்டடவுக்குக் கால் நீட்டிய இடத்தில் குதிகால் குழி மட்டும். மறுநாள் வருகிறவர் பார்ப்பது அந்தத் தடத்தைத்தான். உத்தரத்தில் கட்டிய புரொஜெக்டர் அதே ஆட்டத்தின் படத்தை அந்த மாவின்மேலேயே பாய்ச்சுகிறது. ஆட்டம் எங்கே முடிந்தது, படம் எங்கே தொடங்கியது? ஆட்டம், மாவுத்தடம், படம் எனப் பிரித்தால் மூன்றுமே கெடும். இப்படிப் பல கலைகளை ஒன்றாக்குபவரைத்தான் ‘இன்டர்டிசிப்ளினரி ஆர்ட்டிஸ்ட்’ என்கிறார்கள்.

அதனால்தான் ‘ஊடு’ என்கிறேன். நெசவில் பாவுக்குள் புகுந்து ஓடும் இழை அது. ஊடுகலை, ஊடுகலைஞர், ஊடுகலைப் பயிற்சி என்று இழுத்த இழுப்புக்கு வருகிறது.

‘மெரெந்தாஸ் டேசா’ என்று மலாயில் சொல்லும் கிராஸ் கன்ட்ரி ஓட்டத்தைப் பள்ளியில் குறுக்கோட்டம் என்கிறோமே, அந்த வழியில் அக்கா ‘குறுக்குத்துறை’ என்றார்கள். காதுக்கு நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் திருநெல்வேலியில் தாமிரபரணிக் கரையில் முருகன் கோயில் இருக்கும் இடத்துக்கு அதுதான் பெயர். தமிழ்நாட்டு வாசகர் காவடி எடுத்துவிடுவார்! ‘துறையிடை’ ஆய்வுக்கட்டுரைக்குச் சரி. ஆளைச் சொல்லும்போது, மாற்றல் கிடைத்தும் நாற்காலி கிடைக்காத அரசு ஊழியர் மாதிரி ஒலிக்கிறது.

இங்கே மலேசியாவில் இந்தப் போக்கு புதிதும் அல்ல. ஆடல்கலைஞர் மரியன் டி குரூஸ், நாடக இயக்குநர் கிருஷன் ஜித், ஓவியர் ரெட்சா பியதாசா, எழுத்தாளர் கே.எஸ்.மணியம் போன்றோர் ஒரே கூரைக்கீழ் ஃபைவ் ஆர்ட்ஸ் சென்டர் என்ற கலைக்குழுவைத் தொடங்கியது 1984இல். நாற்பது ஆண்டாகியும் நம்மிடம் பெயர் இல்லை, அவ்வளவுதான்.

பொருள்களை ஓரிடத்தில் அமைத்து அந்த அமைப்பையே படைப்பாக்கும் ‘இன்ஸ்டலேஷன்’ பற்றி அதிகம் தோண்ட வேண்டாம். இலங்கையில் ‘தாபனக் கலை’ என்கிறார்கள். ‘நிறுவல் கலை’யும் புழங்குகிறது. 1974இல் பியதாசாவும் சுலைமான் ஈசாவும் கோலாலம்பூரில் பாதி குடித்த கோக் போத்தலையும் காலிப் பறவைக்கூண்டையும் கண்காட்சியில் வைத்தார்கள். கண்டிப்பாகப் பார்த்தால் அது நிறுவல் அல்ல, வைப்பு. ஆனால் ‘வைப்புக் கலை’ என்றால் வட்டி எவ்வளவு என்று கேட்பார்கள். நிறுவலே இருக்கட்டும்.

குறிப்பின் முதல் வரி இப்படி: “ஆடல், நிறுவல், திரைப்படம் மூன்றையும் ஒன்றாக ஊடி இழைக்கும் ஊடுகலைஞர்.” ‘ஊடி’ என்றதும் தலைவன் தலைவி சண்டை நினைவுக்கு வரும் என்று யாராவது எழுதுவதற்கு முன் நானே அதை வெட்டிவிடுகிறேன்: “மூன்றையும் ஒன்றாக இழைக்கும்” போதும்.

எனக்கிருக்கும் ஒரே பயம், அச்சகத்தில் யாராவது பிழை என்று நினைத்து ‘ஊடகக் கலைஞர்’ ஆக்கிவிடுவது. மெய்ப்பு பார்க்க நானே போகிறேன். மறுப்பு இருந்தால் வெள்ளிக்கிழமைக்குள் எழுதுங்கள்.