மறு: ‘செட்டிங்’ என்பதற்குத் தமிழ்: களம், தாயூர், சாயலூர், அகவூர்

குழுவினருக்கு வணக்கம்.

நாம் தொகுக்கும் கணினி விளையாட்டுச் சொல்தொகுதியில் ‘செட்டிங்’, அதாவது விளையாட்டின் கதை நடக்கும் இடத்துக்கான சொல், மூன்று வாரமாக முடிவாகாமல் கிடக்கிறது. அமைப்பு, பின்புலம், நிகழிடம், கதைக்களம் என்று நான்கு பரிந்துரைகள் வந்திருக்கின்றன. இதில் ‘அமைப்பு’ வேண்டவே வேண்டாம். கைப்பேசியைத் தமிழில் வைத்திருப்பவர்களுக்கு ‘அமைப்புகள்’ என்றால் பல்சக்கரப் படம் போட்ட பக்கம்தான். ஒலியைக் கூட்டவும் வெளிச்சத்தைக் குறைக்கவும் அங்கேதான் போகிறோம். விளையாட்டின் முதல் திரையிலேயே அந்தப் பொத்தான் இருக்கிறது. கதை நடக்கும் ஊருக்கும் அதே பெயரை வைத்தால் படிப்பவர் தடுமாறிப் போவார்.

‘கதைக்களம்’ நல்ல சொல். ஆனால் பட விமர்சனம் எழுதுகிறவர்கள் அதை வேறு பக்கம் கொண்டுபோய்விட்டார்கள். ‘வித்தியாசமான கதைக்களம்’ என்று அவர்கள் எழுதினால் கதையின் கரு புதுசு என்று பொருள், இடம் புதுசு என்று இல்லை. அதனால் வெறும் ‘களம்’ போதும் என்று சொன்ன நண்பரின் பக்கம் நான். நெல்லடிக்கும் களம், போர்க்களம், ஆடுகளம் எல்லாமே ஏதோ ஒரு வேலை நடப்பதற்கென்று இருக்கும் இடங்கள். விளையாட்டில் வரும் ஊரும் அப்படித்தான். அதைப் பார்த்துவிட்டு மட்டும் போக முடியாது, ஓட வேண்டும், ஒளிய வேண்டும், பூட்டைத் திறக்க வேண்டும். ‘சர்வைவல் ஹாரர்’ என்ற திகில் விளையாட்டு வகைக்கு நாம் முன்பே ‘உயிர்தப்பும் திகில்’ என்று முடிவு செய்துவிட்டோம் (‘பிழைப்பு’ என்று போட்டால் வயிற்றுப்பாடுதான் முதலில் நினைவுக்கு வரும் என்று அப்போது எழுந்த மறுப்பு சரியானது). ஆக, ‘உயிர்தப்பும் திகில் விளையாட்டின் களம்’ என்று சொல்லிவிடலாம். இது வரை சரி.

ஆனால் ‘களம்’ ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு இந்த வகை விளையாட்டுகளைப் பற்றி ஒரு பத்திகூட எழுத முடியவில்லை. இந்த மடலின் காரணம் அதுதான்.

என் அண்ணன் மகள் கல்லூரியில் படிக்கிறாள். தீபாவளி விடுமுறைக்கு வந்தபோது, ‘சைலண்ட் ஹில்’ என்ற திகில் விளையாட்டுத் தொடரில் ஒரு பாகமான ‘சைலண்ட் ஹில் எஃப்’ ஆடிக்கொண்டிருந்தாள். 2025 செப்டம்பரில் வந்தது. 1960களின் ஜப்பான், எபிசுகவோகா என்ற சிற்றூர், ஹினாகோ என்ற பள்ளி மாணவி. ஒரு ஆள் மட்டும் நுழையக்கூடிய சந்து, அது முடிந்தால் இன்னொரு சந்து. பின்னாலேயே மூடுபனி வருகிறது, பனி தொட்ட இடமெல்லாம் சிவப்புப் பூ பூக்கிறது. நிறுத்திவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்துக் கேட்டாள்: “சித்தப்பா, இந்த ஊர் நிஜமாவே இருக்கா?”

இருக்கிறது என்றும் சொல்லலாம், இல்லை என்றும் சொல்லலாம். எபிசுகவோகா என்று எந்த வரைபடத்திலும் ஊர் கிடையாது. ஆனால் கிஃபு மாநிலத்தில் கெரோ நகரைச் சேர்ந்த கனயாமா என்ற பகுதியைப் பார்த்துத்தான் அதை உருவாக்கியதாக விளையாட்டை வெளியிட்ட கொனாமி நிறுவனமே சொல்லியிருக்கிறது. கனயாமாவின் சந்துகளுக்கு அந்த ஊர்ப் பேச்சில் ‘கின்கோட்சு’ என்று பெயர். கின் என்றால் தசைநார், கோட்சு என்றால் எலும்பு. வீடுகளுக்கு நடுவே நரம்பும் எலும்பும் போல் பின்னிக்கொண்டு போவதால் அப்படிச் சொல்கிறார்கள். திகில் விளையாட்டுக்காக யாரோ யோசித்து வைத்த பெயர் போல் இருக்கிறது, ஆனால் அங்கே வாழ்கிறவர்கள் நெடுங்காலமாகச் சாதாரணமாகச் சொல்லிவரும் பெயர் அது. இன்னொன்றும் கவனித்தேன். எபிசு மீனவர்கள் கும்பிடும் தெய்வம், ஓகா என்றால் குன்று. கிஃபுவுக்கோ கடற்கரையே கிடையாது. ஊரின் உடம்பைக் கனயாமாவிலிருந்து எடுத்துக்கொண்டு பெயரை வேறெங்கிருந்தோ கொண்டுவந்திருக்கிறார்கள், தொடரின் பெயரில் இருக்கும் குன்றை (ஹில்) மட்டும் விடாமல்.

இந்த இரண்டு ஊர்களுக்கும் இடையில் உள்ள உறவைச் சொல்ல நம்மிடம் சொல் இல்லை. ‘மாதிரி ஊர்’ என்று ஒருவர் எழுதியிருந்தார். மாதிரி கிராமம், மாதிரிப் பள்ளி என்றெல்லாம் அரசு வழக்கில் அது முன்னோடியாக நிற்கும் இடத்துக்குப் போய்விட்டது. ‘மூலவூர்’ என்ற பரிந்துரையை நானும் இரண்டு நாள் மனத்தில் வைத்திருந்தேன். மூலவர் கருவறையில் இருக்க உற்சவர் வீதியுலா போவது போல, நிஜ ஊர் இடத்திலேயே இருக்க அதன் உரு விளையாட்டில் உலவுகிறது என்ற விளக்கம் அழகாக இருந்தது. ஆனால் மூலவரும் உற்சவரும் ஒரே சாமி. கனயாமாவும் எபிசுகவோகாவும் ஒரே ஊர் இல்லை. ஹினாகோவுக்கு நடந்தது எதுவும் கனயாமாவில் யாருக்கும் நடக்கவில்லை. அந்த இடைவெளியைச் சொல் காட்டியாக வேண்டும்.

நான் முன்வைப்பது: நிஜ ஊர் ‘தாயூர்’, அதைப் பார்த்துப் புனைந்த ஊர் ‘சாயலூர்’. குழந்தைக்கு அம்மா சாயல் என்று சொல்கிறோம். அம்மாவேதான் குழந்தை என்று யாரும் நினைப்பதில்லை. மூக்கு மட்டும் அம்மா, நெற்றி தாத்தா என்றும் சொல்வோம். அதுபோல் ஒரு சாயலூருக்கு இரண்டு தாயூர்கூட இருக்கலாம். ‘தாயூர்’ சொந்த ஊரைக் குறித்துவிடுமோ என்ற சந்தேகம் வரலாம். அதற்குச் ‘சொந்த ஊர்’ என்றே அழுத்தமான வழக்கு இருக்கிறது, யாரும் தாயூர் என்று சொல்லிக் கேட்டதில்லை. தாய் நிறுவனம், தாய்ப்பலகை என்றெல்லாம் ஏற்கெனவே புழங்குவதால் காதுக்கும் புதிதாக இருக்காது.

‘சாயலிடம்’ என்று பொதுவாக வைத்துக்கொண்டால் வீடு, மருத்துவமனை எல்லாம் அடங்குமே என்று கேட்கலாம். எழுதிப் பாருங்கள்: ‘இந்தச் சாயலிடம் என்ன இருக்கிறது?’ வேற்றுமை உருபாகிவிடுகிறது. ‘சாயற்களம்’ இலக்கணப்படி சரி, ஆனால் புணர்ச்சியில் சாயல் என்ற சொல்லே கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. ‘சாயலூர்’ உடையாமல் நிற்கிறது.

சரி, எல்லாப் புனைவூருக்கும் தாயூர் உண்டா? இல்லை. இந்தத் தொடரின் முதல் ஊரே அதற்குச் சாட்சி.

1999இல் வந்த முதல் ‘சைலண்ட் ஹில்’ அமெரிக்காவில் ஏரிக்கரையில் இருக்கும் ஒரு சுற்றுலா ஊரில் நடக்கிறது. செய்தவர்கள் தோக்கியோவில் இருந்த ஒரு குழு. தெருப் பெயர்களைப் பார்த்தாலே அந்த ஊர் எங்கிருந்து வந்தது என்று தெரிந்துவிடும். பிராட்பரி தெரு, மாதிசன் தெரு, பிளாக் தெரு, லெவின் தெரு, ஃபின்னி தெரு, பாக்மன் சாலை. எல்லாம் திகில் கதையும் அறிவியல் புனைகதையும் எழுதிய அமெரிக்க எழுத்தாளர்கள். பாக்மன் என்பது ஸ்டீபன் கிங்கின் புனைபெயர். புத்தகத்திலும் திரைப்படத்திலும் பார்த்த அமெரிக்காவைத் துண்டு துண்டாகச் சேர்த்து ஓர் ஊர் கட்டியிருக்கிறார்கள். இதன் தாய் ஒரு புத்தக அலமாரி. இதைச் சாயலூர் என்று சொல்லக் கூடாது, ‘புனைவூர்’ என்று மட்டும் சொல்ல வேண்டும். ‘ரெசிடென்ட் ஈவில்’ என்ற இன்னொரு திகில் விளையாட்டுத் தொடரில் வரும் ரக்கூன் நகரமும் இப்படித்தான்: அமெரிக்க நடுமேற்கில் இருப்பதாகச் சொல்லப்படும் புனைவூர்.

சைலண்ட் ஹில் ஊரை மூடியிருக்கும் பனிக்கும் நிஜ இடம் எதுவும் காரணமில்லை. முதல் பிளேஸ்டேஷனால் தூரத்துக் கட்டடங்களை எல்லாம் ஒரே நேரத்தில் வரைந்து காட்ட முடியாது. கண்ணுக்கெட்டும் தூரத்தைப் பனியால் மறைத்தார்கள். பிறகு வந்த கருவிகளுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. ஆனாலும் 2024இல் இரண்டாம் பாகத்தை மறுபடி உருவாக்கியபோதும் பனியை விடவில்லை. ஊரின் முகமே அதுவாகிவிட்டது.

இங்கேதான் ஒரு தவறான தகவல் தமிழ் யூடியூபிலும் பரவிக் கிடக்கிறது: ‘உண்மையான சைலண்ட் ஹில்’ பென்சில்வேனியாவில் உள்ள சென்ட்ரேலியா என்று. 1999 விளையாட்டுக்கும் சென்ட்ரேலியாவுக்கும் தொடர்பில்லை. இந்தத் தொடரை வைத்து 2006இல் வந்த திரைப்படத்தை எடுத்தவர்கள்தான் தங்கள் படத்தின் ஊருக்கு அதைப் பார்த்துக்கொண்டார்கள். அதனால்தான் படத்தில் நிலக்கரித் தீயும் சாம்பல் மழையும் வருகின்றன. விளையாட்டில் மூடுபனியும் பருவம் தப்பிய வெண்பனிப் பொழிவும்தான். நம்மிடம் இந்தச் சொற்கள் இருந்தால் ஒரே வரியில் முடிந்துவிடும்: படத்தின் ஊர் சாயலூர், அதன் தாயூர் சென்ட்ரேலியா, விளையாட்டின் ஊர் தாயூர் இல்லாத புனைவூர்.

இதில் எனக்கு வருத்தமும் உண்டு. சென்ட்ரேலியாவில் 1962இல் குப்பைமேட்டில் தொடங்கிய தீ நிலத்தடி நிலக்கரியில் பிடித்து இன்றும் எரிகிறது. 1981இல் 12 வயதுப் பையன் ஒருவன் வீட்டுப் பின்புறத்தில் திடீரென்று பிளந்த குழிக்குள் விழுந்து, மரவேரைப் பிடித்துக்கொண்டு உயிர் தப்பினான். 1984இல் அமெரிக்க நாடாளுமன்றம் 4.2 கோடி டாலர் ஒதுக்கி மக்களை வேறு இடங்களுக்கு அனுப்பியது. ஆயிரம் பேருக்கு மேல் இருந்த ஊரில் 2020 கணக்கெடுப்பின்போது 5 பேர். 2002இலேயே அதன் அஞ்சல் குறியீட்டையும் எடுத்துவிட்டார்கள். வீட்டை விட்டுப் போனவர்களின் ஊரை ‘உண்மையான பேய் ஊர்’ என்று சொல்லிக் காட்டுவது எனக்குச் சரியாகப் படவில்லை. தாயூர் என்ற சொல்லில் கொஞ்சம் மரியாதை இருக்கிறது என்று நினைக்கிறேன். அதனால் ஒரு விதியும் வேண்டும்: உருவாக்கியவர்களே ஒப்புக்கொண்டால் மட்டும் ‘தாயூர்’. ரசிகர்களின் ஊகம் என்றால் ‘சாயல் உண்டு என்பார்கள்’ என்பதோடு நிறுத்திக்கொள்வோம்.

அடுத்த சொல், ‘சைலண்ட் ஹில்’ ஊர் கோரமாக மாறித் தெரியும் ‘அதர்வேர்ல்டு’க்கு. மறுவுலகு, பாதாளம், பேயுலகு என்று வந்திருக்கின்றன. மறுவுலகு என்றால் செத்த பிறகு போகும் இடம். ‘அருளில்லார்க்கு அவ்வுலகம் இல்லை’ என்று குறள் சொல்வது அதைத்தான். பாதாளம் கீழே இருப்பது. விளையாட்டில் நடப்பது வேறு. முதல் பாகத்தில் மிட்விச் பள்ளியை நினைத்துப் பாருங்கள். முற்றத்தில் ஒரு மணிக்கூண்டு. கதையின் நாயகன் ஹாரி அதற்குள் நுழைந்து, இறங்கி, நடந்து, ஏறி வெளியே வந்தால் அதே முற்றம், அதே பள்ளி. வகுப்பறைகள் அதே இடத்தில் இருக்கின்றன. ஆனால் தரை கம்பிவலையாகிவிட்டது, சுவரெல்லாம் துரு, ரத்தக்கறை. அவன் வேறெங்கும் போகவில்லை. பள்ளிதான் உள்பக்கம் வெளியே தெரியும்படி திரும்பிவிட்டது.

ஜப்பானியர்கள் இதை ‘உரா’ உலகம் என்கிறார்கள். எதிர்ச்சொல் ‘ஒமோட்டே’. கிமோனோவின் வெளிப்பக்கத் துணி ஒமோட்டே, உள்ளே வைத்துத் தைக்கும் துணி உரா. பூவேலை செய்த ரவிக்கையை உள்வெளியாகத் திருப்பிப் பார்த்தவர்களுக்குச் சட்டென்று புரியும்: அதே பூ, அதே இடம், ஆனால் முடிச்சும் இழுத்த நூலும். முதலில் ‘மறுபுறம்’ என்று வைக்கலாமா என்று யோசித்தேன். ‘மறுபுறம், எதிர்க்கட்சிகள்…’ என்று நாளிதழ் அதைத் தினமும் வேறு வேலைக்கு வைத்திருக்கிறது.

அப்புறம்தான் அகம் நினைவுக்கு வந்தது. அகம் உள்ளே இருப்பது, மனமும் அகம்தான். இரண்டாம் பாகத்துக்கு இது அப்படியே பொருந்துகிறது. அதன் நாயகன் ஜேம்ஸுக்குத் தெரியும் ஊர் அவனுடைய குற்றவுணர்வு காட்டும் ஊர். லாரா என்ற சிறுமிக்கு அங்கே ஒரு பூதமும் தெரியாது. ஏன் இவர்கள் பயப்படுகிறார்கள் என்றே அவளுக்குப் புரியவில்லை. எரியும் மாடிப்படியில் நிற்கும் ஏஞ்சலா என்ற பெண்ணோ தனக்கு எப்போதும் இப்படித்தான் இருக்கிறது என்கிறாள். ஒரே ஊர், ஆளுக்கொரு அகம். ஆகவே ‘அகவூர்’. இதற்கு இணையாகப் ‘புறவூர்’ என்று வைத்தால் புறநகர் என்று படித்துவிடுவார்கள், அதனால் அது வேண்டாம். ‘ஊர்’, ‘அகவூர்’ என்றே எழுதலாம்.

தொல்காப்பியத்தின் நாடக வழக்கையும் (புனைந்து சொல்வது) உலகியல் வழக்கையும் (உலகில் உள்ளபடி சொல்வது) வைத்து ‘நாடகக்களம், உலகியற்களம்’ என்று பிரிக்கச் சொன்ன ஐயாவுக்கு ஒரு வார்த்தை. எனக்கு அந்த நூற்பாவின் மேல் பெரிய மதிப்பு உண்டு. அதனாலேயே தயங்குகிறேன். இரண்டு வழக்கும் சேர்ந்து வருவதுதான் புலனெறி வழக்கம், அதாவது செய்யுள் மரபு, என்று அங்கே சொல்லியிருக்கிறது. நாம் அவற்றைத் தனித்தனிப் பெட்டியில் போட அந்தச் சொற்களையே எடுத்தால் பொருந்தாது. முதற்பொருள் என்பதில் நிலத்தோடு பொழுதும் சேரும் என்பதை மட்டும் களத்தின் வரையறையில் எழுதிக்கொள்ளலாம். எபிசுகவோகாவின் களம் கனயாமாவின் சந்து மட்டும் இல்லை, 1960களும்தான்.

ஒரு சிக்கல் என்னால் தீர்க்க முடியவில்லை. 2004இல் வந்த நான்காம் பாகத்தின் களம் ஓர் அடுக்குமாடி வீடு, எண் 302. கதவின் உட்புறம் சங்கிலி போட்டுப் பூட்டியிருக்கிறது, அங்கே குடியிருக்கும் ஹென்றி வெளியே வர முடியாது. முதலில் பாதுகாப்பாக இருக்கும் அந்த வீடே மெல்ல மெல்லத் திரிகிறது. அதை ‘அகவூர்’ என்று சொல்ல முடியாது, அது ஊர் இல்லை. ‘அகவீடு’ என்றால், அகத்துக்கு வீடு என்றும் பொருள் இருப்பதால், அகமும் வீடு, வீடும் வீடு. ‘அகவறை’ ஓரளவு ஒத்துவருகிறது, ஆனால் முழு வீட்டுக்கு அறை போதவில்லை. வரும் ஞாயிற்றுக்கிழமைக்குள் யாராவது வேறு சொல் தந்தால் அதையும் தலைப்பிலுள்ள நான்கையும் சேர்த்தே தொகுதியில் ஏற்றிவிடலாம்.

அன்புடன்.