நினைவு நீரூற்றும் கான் மணிக்கூட்டுக் கோபுரமும்

அன்பான ஊர் உறவுகளுக்கு, வணக்கம்.

கோயிலடிச் சந்தியில் நினைவு நீரூற்று கட்டுவோம் என்ற நம் ஊர்ச் சங்கத்தின் டொரொண்டோக் கிளையின் மடலைப் பார்த்தேன். படம் வடிவாகத்தான் இருக்கிறது. ஆனால் காசு சேர்க்கத் தொடங்குமுன் கொழும்பிலிருந்து ஒரு சங்கதி.

புறக்கோட்டைப் பிரதான வீதியின் வாசலில் நிற்கும் கான் மணிக்கூட்டுக் கோபுரம் எல்லோருக்கும் தெரியும். யாழ்தேவி ரயிலில் வந்திறங்கி, சாமான் வாங்கப் போகிற வழியில் அதில் மணி பார்க்காதவர் நம்மில் குறைவு. பம்பாயிலிருந்து வந்த பார்சிக் குடும்பம் ஒன்று கட்டியது அது. கொழும்பு எண்ணெய் ஆலை அன்று அவர்களுடையதாகத்தான் இருந்தது. தந்தை பிராம்ஜி பிகாஜி கானின் நினைவாக மகன்மார் இருவர் எழுப்பி, 1923 ஜனவரி 4ஆம் திகதி மாநகர சபை மூலம் நகர மக்களுக்குக் கொடுத்தார்கள். அங்கே பதித்த கல்லில் மணிக்கூட்டுக் கோபுரத்தோடு நீரூற்றும் சேர்த்தே பொறிக்கப்பட்டிருக்கிறது. லபுகம நீர்த்தேக்கத்துத் தண்ணீர் 1886 முதல் குழாயில் நகருக்கு வந்ததால்தான் இப்படியான ஆசைகளெல்லாம் கைகூடின. ஆனால் இன்று வழி கேட்டால் எவராவது 'நீரூற்றடி' என்கிறார்களா? மணிக்கூடு மட்டும்தான் பேரில் நிலைத்தது.

காரணம் லேசானது. மணிக்கூடு நின்றால் பத்துப் பேர் முறைப்பாடு செய்வார்கள். ஊற்று நின்றால் யாருக்கும் பஸ் தவறாது.

நம் ஊரிலோ கிணற்றுத் தண்ணீர் சுண்ணக்கல்லில் ஊறி வருவது. கேத்தலின் அடியில் வெள்ளையாகப் படிகிறதே, அதேதான் ஊற்றின் துவாரங்களிலும் படியும். ஒரே தண்ணீரைப் பம்ப் திரும்பத் திரும்பச் சுற்றிவிட, வெயிலில் ஆவியாகி ஆவியாகி உப்பு இன்னும் தடிக்கும். மாதம் ஒருமுறையாவது கழற்றிக் கழுவ ஆள் வேண்டும். பம்ப் பழுதானால் தொட்டியில் தேங்கிய நீரில் டெங்கு நுளம்பு பெருக ஒரு வாரம், பத்து நாள் போதும். பொதுச் சுகாதாரப் பரிசோதகர் வந்து நின்றால் பதில் சொல்லப் போவது ஊரில் இருக்கிற நாலு கிழவர்கள், டொரொண்டோக்காரர் அல்ல (கோபிக்க வேண்டாம்).

என் யோசனை வேறு. கோயில் கேணி இருக்கிறது. சுண்ணாம்புச் சாந்தில் கட்டிய அதன் படிகளுக்கு யாரோ ஒரு புண்ணியவான் சீமெந்து பூசிவிட்டார். உள்ளே புகுந்த ஈரம் வெளியேற வழியில்லை. பூச்சு பாளமாகக் கிளம்புகிறது, அதன் பின்னால் பழைய சாந்தை விரலால் சுரண்டினாலே உதிர்கிறது. சீமெந்தைக் கவனமாகக் கொத்தி எடுத்து, மறுபடி சுண்ணாம்பாலேயே பூசவேண்டும். அந்த வேலை தெரிந்த மேசன்மார் இன்னும் இருக்கிறார்கள்.

இல்லை, நீரூற்றுத்தான் வேண்டும் என்றால், சரி, கட்டுங்கள். சேருகிற காசில் பாதியை முதலில் நிலையான வைப்பில் போட்டு, வட்டியில் பராமரிப்பு என்று தீர்மானம் எழுதிவிட்டுக் கட்டுங்கள். அதற்கு என் பங்கும் உண்டு. கேணிப் படிகளின் படங்களை நாளை அனுப்புகிறேன். பெரியவர்கள் பார்த்துச் சொல்லுங்கள்.

அன்புடன்,
கொழும்புக் கிளையிலிருந்து