‘டெர் மூடே டோட்’: கையில் கிடைத்த குழந்தையை அவள் ஏன் கொடுக்கவில்லை?

செல்வி78:
ஃப்ரிட்ஸ் லாங் 1921-ல் எடுத்த இந்த ஜெர்மன் மௌனப் படத்தை நேற்று ராத்திரி பார்த்தேன், இன்னும் மனசு ஆறவில்லை. காதலனைக் கூட்டிக்கொண்டு போன மரணத்திடம் போராடி, அவனை மீட்க கதாநாயகி வாங்கிய மூன்று வாய்ப்பும், கலீபாவின் நகரம், வெனிஸ், சீனா என்று ஒவ்வொரு கதையிலும் கைநழுவிப் போகிறது. கடைசியில், ஒரு மணி நேரத்துக்குள் வேறு ஒரு உயிரைக் கொண்டுவந்தால் அவனைத் தருகிறேன் என்கிறது மரணம். வயதானவர்களிடம் போய்க் கேட்கிறாள், ஒருவரும் தர மாட்டேன் என்கிறார்கள். அப்புறம் தீப்பிடித்த கட்டடத்தில் ஒரு பச்சைக்குழந்தை கையில் கிடைக்கிறது, மரணமும் கை நீட்டி நிற்கிறது. கொடுக்காமல் தாயிடம் சேர்த்துவிடுகிறாள். ஏன்?

நிழல்படம்:
பதில் மெழுகுதிரிக் காட்சியிலேயே இருக்கிறது. வாசலே இல்லாத மதிலுக்குள் எரிகிற ஒவ்வொரு திரியும் ஒரு உயிர். மரணம் ஒரு சுடரைக் கையில் எடுக்கிறார், சுடர் குழந்தையாகிறது, அடுத்த நொடி கை வெறுமையாகிவிடுகிறது, வேறெங்கோ ஒரு தாய் அழுகிறாள். அதைப் பக்கத்தில் நின்று பார்த்தவள் அவள். அந்த அழுகையை இன்னொரு தாய்க்கு எப்படிக் கொடுப்பாள்?

கரிசல்காரன்:
தலைப்பின் அர்த்தமே ‘களைத்துப்போன மரணம்’தான். மரணமாக நடித்த பெர்ன்ஹார்ட் கோயட்ஸ்கேயின் அந்த முகத்தைப் பாருங்கள், கொடுமை துளியும் இல்லை, சலிப்புதான் இருக்கிறது. நம் சாவித்திரி எமனைப் பேச்சில் மடக்கினாள். இங்கே எமனே தோற்கத் தயாராக நிற்கிறார், ஆனாலும் அவளால் ஜெயிக்க முடியவில்லை. எனக்கு அதுதான் தாங்கவில்லை.

நிழல்படம்:
ஆமாம். மூன்று கதையிலும் வேறு வேறு வேஷத்தில் வருவது அவரேதான், சீனக் கதையில் வில்லாளி. அதில் வரும் பறக்கும் கம்பளத்தையும் கவனியுங்கள். ஹாலிவுட் நடிகர் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் இந்தப் படத்தின் அமெரிக்க உரிமையை வாங்கி வைத்துக்கொண்டார், 1924-ல் அவருடைய ‘தீஃப் ஆஃப் பாக்தாத்’திலும் கம்பளம் பறந்தது. செல்வி, நீங்கள் பார்த்தது எந்தப் பிரதி? பழைய ஜெர்மன் படங்களைப் பாதுகாக்கும் முர்னாவ் அறக்கட்டளை சீரமைத்து 2016 பெர்லின் திரைப்பட விழாவில் திரையிட்டதில் காட்சிக்குக் காட்சி வண்ணச்சாயம் உண்டு, அதைத் தேடிப் பாருங்கள்.

செல்வி78:
நான் பார்த்தது மங்கலான கறுப்பு வெள்ளைப் பிரதி. அந்தச் சுடர் குழந்தையாவதை மட்டும் வியந்து பார்த்தேன், தாயின் அழுகையைக் கவனிக்காமல் விட்டிருக்கிறேன். இன்றைக்கு ராத்திரி திரும்பவும் அங்கிருந்து போடுகிறேன்.