புதுப்பிப்பு: வாடகை வீட்டுக் கூரையில் மரநாய்

ஓடு உடைந்த இடம் வழியாகப் பொய்க்கூரைக்குள் மரநாய் குடியேறியதையும், அதைச் சரிசெய்வது "உங்க செலவு" என்று உரிமையாளர் கைவிரித்ததையும் முன்பு எழுதியிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

பலித்தது, உரிமையாளருக்குப் பதிவுத் தபாலில் கடிதம் அனுப்பச் சொன்ன யோசனைதான். தமிழ்நாடு வாடகைச் சட்டம் 2017-இன்படி கட்டமைப்புப் பழுது உரிமையாளர் பொறுப்பு. அவர் மறுத்தால் நாமே சரிசெய்து வாடகையில் கழிக்கலாம். ஒரு மாதத்தில் பாதி வாடகைக்கு மேல் கூடாது. இதை எழுதி, உடைந்த ஓட்டின் படத்தையும் இணைத்தேன். அப்புறம் கொத்தனாரை அவரே அனுப்பினார்.

எதிர்பாராதது: உள்ளே குட்டிகள். 1972 வனஉயிரினச் சட்டம் மரநாயைப் பாதுகாக்கிறது, பொறி வைக்கவே கூடாது. குட்டிகளோடு தாய் வெளியேறும்வரை பொறுத்து, பிறகே ஓட்டையை அடைத்தோம். அவசரப்பட்டு அடைத்திருந்தால் அவை உள்ளேயே செத்திருக்கும். தயவுசெய்து முதலில் வனத்துறையைக் கேளுங்கள்.