'துறை' என்ற சொல்லை எங்கெங்கே சந்தித்தீர்கள்? – அனுபவப் பகிர்வு

தொடக்கப் பதிவு: ஓய்வுபெற்ற தமிழாசிரியர்

பல ஆண்டுகள் உயர்நிலைப் பள்ளியில் தமிழ் கற்பித்த எனக்கு, மாணவர்கள் மீண்டும் மீண்டும் எழுப்பிய ஐயங்களுள் ஒன்று 'துறை' என்ற சொல்லைப் பற்றியது. புறநானூற்றுப் பாட்டின் அடியில் 'திணை: பொதுவியல், துறை: கையறுநிலை' என்று அச்சிட்டிருப்பதைப் படிக்கும் மாணவர், அன்றைய நாளிதழில் வருவாய்த் துறை, மீன்வளத் துறை என்று காண்கிறார், வரலாற்று வகுப்பில் கொற்கைத் துறைமுகம் வருகிறது, மாலையில் ஆற்றுக்குப் போனால் படித்துறை. 'ஐயா, இவை நான்கும் ஒரே சொல்லா, அல்லது ஒலியால் ஒத்த வேறு வேறு சொற்களா?' என்று அவர் கேட்பது மிகவும் நியாயமான கேள்வி.

ஒரே சொல்தான் என்பதே என் விடை. ஆற்றின் கரை நெடுந்தொலைவு நீண்டு கிடந்தாலும், நினைத்த இடத்திலெல்லாம் நீரில் இறங்கிவிட முடியாது. ஓரிடத்தில் கரை செங்குத்தாக நிற்கும், மற்றோரிடத்தில் சேறு காலை இழுக்கும், வேறோரிடத்தில் சுழல் இருக்கும். மக்கள் இறங்கிப் பழகிய, இறங்குவதற்கு ஏற்ற இடமே துறை. திணைக்கும் துறைக்கும் உள்ள உறவை வகுப்பில் நான் இவ்வாறுதான் விளக்கினேன்: திணை என்ற பெரும்பொருள் ஆறு, துறை என்ற உட்பிரிவு அதில் இறங்கும் இடம். 'வெட்சி' என்ற திணைக்கு 'ஈரேழ் துறைத்தே' என்று தொல்காப்பியம் பதினான்கு துறைகளைச் சொல்லும்போது, ஆநிரை கவர்தல் என்ற பெரும்பொருளுக்குள் புலவர் நுழையத்தக்க பதினான்கு இடங்களைக் காட்டுகிறது என்று கொண்டால் மாணவருக்குக் குழப்பம் தீர்ந்துவிடும்.

இச்சொல்லை நான் உண்மையாகச் சந்தித்தது புறநானூற்றின் 243-ஆம் பாட்டில் என்றே சொல்வேன். தொடித்தலை விழுத்தண்டினார் பாடிய அப்பாட்டில், கோல் ஊன்றி, இருமலுக்கு நடுவே சில சொற்களே பேச இயலும் முதியவர் ஒருவர் தம் இளமையை நினைக்கிறார். மணலில் செய்த பாவைக்குப் பூச்சூட்டியதையும், 'உயர்சினை மருதத் துறை'யில் நீரை நோக்கித் தாழ்ந்திருந்த கிளையில் ஏறி, கரையில் நின்றவர்கள் மருளுமாறு ஆழ்ந்த மடுவில் துடுமெனப் பாய்ந்து, அடியிலிருந்து மணலை அள்ளிக்கொண்டு வந்ததையும் எண்ணி, அந்த இளமை இப்போது எங்கே என்று இரங்குகிறார். பாட்டின் உள்ளே துறை என்பது மருத மரம் நிற்கும் ஆற்றங்கரை. பாட்டின் அடிக்குறிப்பில் துறை என்பது கையறுநிலை. கையறுநிலை பெரும்பாலும் தலைவன் இறந்தபின் அவனைச் சார்ந்தோர் செயலற்று வருந்துவதைப் பாடுவது. இங்கோ இறந்துபோனது பாடுபவரின் சொந்த இளமையே. இந்தத் துறையைக் குறித்தவர் பாட்டை எவ்வளவு நுட்பமாகப் படித்திருக்கிறார் என்று ஒவ்வொரு முறையும் வியக்கிறேன்.

இவ்வாறு இச்சொல்லை வெவ்வேறு தொழில்களில், வெவ்வேறு ஊர்களில் சந்தித்தவர்கள் தங்கள் அனுபவத்தை விரிவாக எழுத வேண்டுகிறேன்.

தலைமைச் செயலகத்தில் பணியாற்றிய ஓர் உறுப்பினர்

ஐயா, எங்கள் உலகில் துறை என்பது கோப்பின் முகவரி. ஒரு தாள் எந்தத் துறைக்கு உரியது என்று தீர்மானித்த பிறகுதான் அதற்கு எண்ணே கிடைக்கும். நிதித் துறை, உள்துறை, பொதுப்பணித் துறை, இந்து சமய அறநிலையத் துறை என்று நாங்கள் நாள் முழுவதும் இச்சொல்லை உச்சரித்தோம். பணியில் சேர்ந்தவர் எழுதும் துறைத் தேர்வு, தவறு செய்தவர் மீது எடுக்கப்படும் துறைரீதியான நடவடிக்கை என்று ஊழியரின் வாழ்வும் இச்சொல்லால் அளக்கப்பட்டது.

நான் சொல்ல விரும்பும் நிகழ்ச்சி ஒன்று உண்டு. தமிழ்நாட்டுத் தலைமைச் செயலகத்தில் 'பொதுத் துறை' என்ற பெயரிலேயே ஒரு துறை இயங்குகிறது. அரசு விழாக்கள், மரபுசார்ந்த வரவேற்புகள் முதலியவற்றை அது கவனிக்கிறது. அரசுக்குச் சொந்தமான வங்கிகளையும் ஆலைகளையும் குறிக்கும் 'பொதுத்துறை' முற்றிலும் வேறு. ஒரு முதியவர் பொதுத்துறை வங்கி ஒன்றில் தமக்கிருந்த கணக்கைப் பற்றி மிகத் தெளிவான கையெழுத்தில் நீண்ட மனு எழுதி, அதைப் 'பொதுத் துறைச் செயலாளர்' என்று முகவரியிட்டு அனுப்பியிருந்தார். எழுதிய தமிழில் ஒரு பிழையும் இல்லை. 'தனியார் துறை' என்பதற்கு எதிர்ச்சொல்லாக நாளிதழ்களில் அவர் படித்த சொல்லும், எங்கள் கட்டடத்தின் கதவில் எழுதியிருந்த சொல்லும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாகவே இருந்தன. மனுவை உரிய இடத்திற்கு அனுப்பியதோடு, எங்கே அனுப்பியிருக்கிறோம் என்பதை அவருக்கும் எழுதித் தெரிவித்தோம். நிர்வாகத்தின் பிரிவுக்கும் பொருளாதாரத்தின் பிரிவுக்கும் ஒரே சொல்லை வழங்குவது தமிழின் குறை என்று சிலர் சொல்வார்கள். நான் அதை ஏற்கவில்லை. சொல்லின் பொருளை அதைச் சூழ்ந்த சொற்கள் காட்டிவிடுகின்றன. காட்டாத இடத்தில் விளக்கம் சேர்க்க வேண்டியது அலுவலகத்தின் கடமை.

காவிரிக் கரையில் வளர்ந்த ஓர் உறுப்பினர்

மருதத் துறை என்று ஆசிரியர் ஐயா எடுத்துக்காட்டியதும் எங்கள் பக்கத்து ஊர்ப்பெயர்கள் வரிசையாக நினைவுக்கு வந்தன. திருப்பராய்த்துறை பராய் மரத்தால் பெயர் பெற்றது. அக்கோயிலின் தலமரமும் பராய்தான். குளித்தலைக் கோயிலைத் தேவாரம் கடம்பந்துறை என்கிறது. அன்பிலில் ஆலந்துறை, லால்குடிக்கு அருகே மாந்துறை. கடம்பு, ஆல், மா, பராய் என்று மரத்தின் பெயரோடு துறை சேர்ந்துகொண்டே போகிறது. வையைக் கரையிலும் 'திருமருத முன்துறை' இருந்ததைப் பரிபாடல் பாடுகிறது.

இதற்குக் காரணத்தை நூலில் தேட வேண்டியதில்லை என்பது என் கருத்து. ஆற்றோடு வாழ்ந்தவர்களுக்கு அது கண்முன் தெரியும். வெள்ளம் வடியும்போது மணல்மேடு இடம் மாறும், கரை அரிக்கப்படும். ஆனால் வேர் ஊன்றிய பெருமரம் கரையைப் பிடித்துக்கொண்டு நிற்கும். அதன் நிழலில் துணி உலர்த்தலாம், பரிசலைக் கட்டலாம், எதிர்க்கரையிலிருந்து வருபவர் தொலைவிலேயே அடையாளம் காணலாம். இறங்கும் இடத்தை மரத்தை வைத்துச் சொல்வது அவர்களுக்கு மிக இயல்பான வழி.

ஆனால் துறை என்ற சொல்லுக்கு எங்கள் பாட்டியின் வாயில் இன்னொரு பொருளும் இருந்தது என்பதை மறைக்கக் கூடாது. ஆற்றில் யார் எந்தத் துறையில் இறங்கலாம் என்பதற்குக் கட்டுப்பாடு இருந்தது. ஆண்கள் துறை, பெண்கள் துறை என்பதோடு அது நிற்கவில்லை. சாதிக்கு ஒரு துறை இருந்தது. சலவைத் தொழிலாளர்கள் வெளுக்கும் துறை கீழ்ப்பக்கத்தில் தள்ளி இருந்தது. ஊரின் அழுக்கையெல்லாம் வெளுத்துத் தந்தவர்கள் மற்றவர்களின் படித்துறையில் கால் வைக்க முடியவில்லை. பாட்டி இதைச் சொல்லும்போது குரலில் நியாயப்படுத்தும் தொனி இருக்காது. அப்படித்தான் இருந்தது, அது கூடாது என்றே சொல்லுவார். நுழையும் இடம் என்ற பொருள் உடைய ஒரு சொல், சிலரை நுழையவிடாமல் நிறுத்திய எல்லையாகவும் பயன்பட்டது. இலக்கியத்தில் துறையின் அழகைப் பேசும் நாம் இதையும் சேர்த்தே பேச வேண்டும் என்று கருதுகிறேன்.

யாழ்ப்பாணத்திலிருந்து ஓர் உறுப்பினர்

எங்கள் வடகரை முழுவதும் துறைகள்தான்: காங்கேசன்துறை, வல்வெட்டித்துறை, பருத்தித்துறை. யாழ்ப்பாண நகருக்கு அருகிலேயே கொழும்புத்துறை என்ற இடமும் உண்டு. வெளியூர் நண்பர்கள் பெயரைக் கேட்டதும் அது கொழும்பில் இருப்பதாக எண்ணிக்கொள்வார்கள். நயினாதீவுக்குப் படகேறும் இடத்தை நாங்கள் குறிகட்டுவான் இறங்குதுறை என்போம். கப்பல் வந்து நிற்பது துறைமுகம், பயணிகள் படகில் ஏறி இறங்குவது இறங்குதுறை என்ற வேறுபாடு எங்கள் பேச்சில் இன்றும் தெளிவாக வாழ்கிறது. நெய்தல் நிலத் தலைவனைச் சங்கப் புலவர்கள் 'துறைவன்' என்று அழைத்தார்கள் என்று பள்ளியில் படித்தபோது, அந்தச் சொல் எனக்குப் பழமையானதாகவே தோன்றவில்லை.

நான் பகிர விரும்பும் அனுபவம் அலுவலகம் தொடர்பானது. தமிழ்நாட்டு நிறுவனம் ஒன்றுடன் கடிதத் தொடர்பு கொண்டிருந்த காலத்தில், அவர்கள் 'கல்வித் துறை' என்று எழுதுவார்கள். நாங்கள் 'கல்வித் திணைக்களம்' என்று எழுதுவோம். இலங்கையில் அரசின் நிர்வாகப் பிரிவுகள் பெரும்பாலும் திணைக்களம்தான்: தபால் திணைக்களம், பொலிஸ் திணைக்களம், தொல்லியல் திணைக்களம். அவர்களுள் ஒருவர் 'திணைக்களம் என்றால் ஐந்திணையோடு தொடர்புடைய ஆய்வுக்கூடமா?' என்று உண்மையான ஆர்வத்துடன் கேட்டு எழுதியிருந்தார். அதற்கு விடை எழுதத் தொடங்கியபோதுதான் எனக்கு ஒன்று புலப்பட்டது. புறநானூற்றின் அடிக்குறிப்பில் அருகருகே நிற்கும் இரண்டு சொற்களில் ஒன்றைத் தமிழ்நாடும் மற்றொன்றை இலங்கையும் எடுத்து, ஒரே பொருளுக்கு வழங்குகின்றன. கடலின் இரு கரையிலும் புதிய நிர்வாகத்திற்குப் பெயர் தேடியவர்கள் ஒரே பழம்பெட்டகத்தைத் திறந்திருக்கிறார்கள் என்பது எனக்குப் பெரும் மகிழ்ச்சி தந்தது. ஆயினும் எங்கள் பல்கலைக்கழகங்களில் 'தமிழ்த்துறை' என்றே வழங்குகிறோம். படிப்புக்குத் துறை, அரசுக்குத் திணைக்களம் என்ற பிரிவு எங்களிடம் நிலைபெற்றுவிட்டது.

மெய்ப்புத் திருத்தும் ஓர் உறுப்பினர்

சுருக்கமாக ஒன்று. என் மேசைக்கு வரும் படிகளில் 'மயிலாடுதுரை' என்றும் 'துரைமுகம்' என்றும் அடிக்கடி வருகின்றன. இடையின ரகரம் இட்ட துரை, தலைவனைக் குறிக்கும் வேறு சொல். ஆட்பெயர்களில் வருவது அதுவே. ஊர்ப்பெயரில் வருவது வல்லின றகரம். நீரில் இறங்கும் இடம் என்ற பொருளை நினைவில் வைத்தால், எந்த ஊருக்கு எந்த எழுத்து என்பதில் ஐயம் வராது.

மரபுக்கவிதை பயிலும் ஓர் உறுப்பினர்

இதுவரை எவரும் யாப்பைத் தொடவில்லை. தாழிசை, துறை, விருத்தம் என்ற மூன்றும் பாவினங்கள், அதாவது வெண்பா முதலிய பாக்களைச் சார்ந்த செய்யுள் வகைகள். ஆகவே வெண்டுறை, ஆசிரியத்துறை, கலித்துறை, வஞ்சித்துறை என்று செய்யுள் வடிவங்களுக்கும் துறை என்பதே பெயர். இவற்றுள் என்னை ஆட்கொண்டது கட்டளைக் கலித்துறை. அடிக்கு ஐந்து சீர், பாட்டுக்கு நான்கு அடி. ஒற்றெழுத்துகளை நீக்கி எண்ணினால், நேரசையில் தொடங்கும் அடியில் 16 எழுத்துகளும் நிரையசையில் தொடங்கும் அடியில் 17 எழுத்துகளும் இருக்க வேண்டும். சீர்கள் வெண்டளையில், அதாவது வெண்பாவுக்குரிய தொடர்பில், பிழைபடாமல் ஓட வேண்டும், ஒவ்வோர் அடியும் 'விளங்காய்' என்று முடியும் வாய்பாட்டுச் சீரில் முடிய வேண்டும் என்ற கட்டுப்பாடுகளும் உண்டு.

என் ஆசான் இதைக் கற்பித்தபோது விதியைச் சொல்லவில்லை; திருக்கோவையாரின் முதல் அடியைத் தந்து எண்ணச் சொன்னார். 'திருவளர் தாமரை சீர்வளர் காவிகள் ஈசர்தில்லைக்'. தி, ரு, வ, ள என்று நான்கு, தா, ம, ரை என்று மூன்று, சீ, வ, ள என்று மூன்று, கா, வி, க என்று மூன்று, ஈ, ச, தி, லை என்று நான்கு, ஆகப் பதினேழு. 'திரு' நிரையசை. அடுத்து அபிராமி அந்தாதிக் காப்பின் 'தாரமர் கொன்றையும் சண்பக மாலையும் சாத்தும்தில்லை' என்ற அடியை எண்ணினேன். 'தா' நேரசை, எழுத்துகள் பதினாறு. காதுக்கு இரண்டும் ஒரே நடையாக ஒலிக்கின்றன. அந்த ஓர் எழுத்து வேறுபாடே ஓசையைச் சமன் செய்கிறது என்பதை விரல் விட்டு எண்ணியபோது உணர்ந்த மகிழ்ச்சியை நான் எந்த விளக்க நூலிலும் பெற்றதில்லை.

அந்த முதற்பாட்டுக்கு மேல் அச்சிட்டிருந்த துறையின் பெயர் 'காட்சி'. தலைவன் தலைவியை முதன்முதலாகக் காணும் இடம். கோவை என்ற நூல்வகையே அகத்துறைகளைக் கலித்துறையில் கோப்பது. திருக்கோவையார் அவ்வாறு 400 பாட்டுகளைக் கொண்டது. ஆகவே அந்நூலின் ஒவ்வொரு பாட்டும் பொருளாலும் துறை, வடிவாலும் துறை.

தொடக்கப் பதிவிட்டவரின் மறுமொழி

யாழ்ப்பாண நண்பர் சுட்டிய திணை, துறை இணையை நான் இதுவரை எண்ணிப் பார்த்ததில்லை. இனி இப்பாடத்தை எங்கே நடத்த நேர்ந்தாலும் அதைச் சொல்லுவேன். காவிரிக் கரை அம்மா எழுதியதையும் சேர்த்தே சொல்லுவேன்.

மரபுக்கவிஞர் எழுதியதற்கு ஒரு சேர்க்கை. திருக்கோவையாரைப் பாடிய மாணிக்கவாசகர் குருவின் அருளைப் பெற்ற இடமாகச் சொல்லப்படுவது திருப்பெருந்துறை, அதாவது இன்றைய ஆவுடையார்கோயில். ஐங்குறுநூறு 'கொற்கையம் பெருந்துறை' என்று பாண்டியரின் துறைமுகத்தைப் பாடும். அதே சொல்லமைப்பு இங்கே சைவத் தலத்தின் பெயராக நிற்கிறது. ஊராலும் பொருளாலும் யாப்பாலும் ஒருவரிடத்தில் மூன்று துறைகள் வந்து கூடியிருக்கின்றன. அவர் இதைக் கருதியே செய்தார் என்று நான் வாதிட மாட்டேன். கோவைக்கு யாப்பும் துறையும் மரபு வகுத்தவை. எனினும் திருவாசகத்தில் 'பெருந்துறை' என்ற பெயர் வரும் இடங்களை மாணவர்களோடு படிக்கும்போது, அதை ஊர்ப்பெயராக மட்டும் கொள்ளாமல், இறங்கும் இடம் என்ற பொருளையும் மனத்தில் வைத்துப் படிக்கச் சொல்லியிருக்கிறேன். அவ்வாறு படித்த மாணவி ஒருத்தி, 'துறைபோனவர் என்று கற்றுத் தேர்ந்தவரைச் சொல்வதும் இதே துறைதானே ஐயா?' என்று கேட்டாள். ஆம், அதே துறைதான்; கற்பதில் கரையில் நின்றுவிடாமல் கடைசிவரை சென்றவரையே பழந்தமிழ் துறைபோகியவர் என்றது. இச்சொல்லாட்சியை இன்றும் பேச்சிலோ எழுத்திலோ இயல்பாக வழங்குபவர்களைச் சந்தித்தவர்கள் இருந்தால், எங்கே, எந்தத் தொழிலில் என்று எழுதுங்கள். அறிந்துகொள்ள மிகவும் விரும்புகிறேன்.